பணம் வருவதற்கு முன் அவமதிப்பு மனுவை வாபஸ் வாங்கலாமா?

கேள்வி: நான் அரசுத் துறை ஒன்றில் இளநிலை உதவியாளராக இருந்து ஓய்வு பெற்றவன். திண்டுக்கல் மாவட்டம். ஒரே பதவியில் நீண்ட காலம் பணியாற்றியதற்காக எனக்குச் சேர வேண்டிய சிறப்பு நிலை ஊதியத்தைத் தராமல் இழுத்தடித்ததால் உயர் நீதிமன்ற மதுரைக் கிளையில் ரிட் மனு போட்டேன். சென்ற ஆண்டு மார்ச்சில், ‘உத்தரவு நகல் கிடைத்த நாளிலிருந்து 12 வாரத்துக்குள் சிறப்பு நிலை வழங்கி, நிலுவைத் தொகையையும் தர வேண்டும்’ என்று உத்தரவானது. ஏப்ரல் 12 அன்று நகல் அலுவலகத்துக்குப் போய்ச் சேர்ந்ததற்குத் தபால் அத்தாட்சி என்னிடம் இருக்கிறது. ஒன்றும் நடக்கவில்லை. இந்த ஆண்டு பிப்ரவரியில் அவமதிப்பு மனு போட்டோம். நோட்டீஸ் போனதும் அலுவலகம் விழித்துக்கொண்டது.

இப்போது ஆகஸ்ட். கண்காணிப்பாளர் அடிக்கடி போன் செய்கிறார். “கேஸ் நிலுவையில இருக்கிறதாலதான் பைல் நகர மாட்டேங்குது சார். வாபஸ் வாங்கிட்டீங்கன்னா ரெண்டே வாரத்துல பணம் ஏறிடும்” என்கிறார். வழக்கைத் திரும்பப் பெறுவதாக ஒரு வெள்ளைத்தாளில் கையெழுத்தும் கேட்கிறார். மனுவில் பெயர் உள்ள அதிகாரி நல்ல மனிதர். அவர் ஜெயிலுக்குப் போவதில் எனக்கு விருப்பமில்லை. பிடிவாதம் பிடித்தால் என் பென்ஷனில் கை வைப்பார்களோ என்று வீட்டில் பயப்படுகிறார்கள். என் வக்கீல், “லிபர்ட்டியோடு வாபஸ் வாங்கிவிடலாம், ஏமாற்றினால் மறுபடி போடலாம்” என்கிறார். என்ன செய்யட்டும்?

பதில்:

அன்புள்ள ஐயாவுக்கு வணக்கம்.

முதலில், அந்த வெள்ளைத்தாளில் கையெழுத்துப் போட்டுக் கொடுக்காதீர்கள். அந்தக் கடிதம் பைலில் தூங்காது. அடுத்த வாய்தாவில் அரசு வழக்கறிஞர் கைக்கு வந்துவிடும். ‘மனுதாரரே திருப்தி அடைந்து எழுதிக் கொடுத்துவிட்டார்’ என்று அதைத் தாக்கல் செய்வார்கள். பணம் கைக்கு வராமலே ரசீது எழுதிக் கொடுப்பது போன்ற காரியம் அது.

உங்கள் கடிதத்தில் என் கண் போய் நின்ற இடம் அந்த ஏப்ரல் 12. அன்று நகல் சேர்ந்தது என்றால் 12 வாரக் கெடு ஜூலை 5-ம் தேதியோடு முடிந்திருக்கிறது. அது சென்ற ஆண்டு ஜூலை. 1971-ம் ஆண்டு நீதிமன்ற அவமதிப்புச் சட்டத்தின் 20-வது பிரிவு, அவமதிப்பு நடந்ததாகச் சொல்லப்படும் நாளிலிருந்து ஓராண்டு கழிந்துவிட்டால் நடவடிக்கை தொடங்க முடியாது என்கிறது. நீங்கள் பிப்ரவரியிலேயே மனு போட்டுவிட்டீர்கள், அதனால் இப்போது இருக்கும் மனுவுக்கு ஆபத்தில்லை. ஓராண்டுக்குள் மனுவைத் தாக்கல் செய்திருந்தால் போதும் என்று 2001-ல் பல்லவ் சேத் வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கியது. ஆனால் இந்த மனுவை இன்று வாபஸ் வாங்கிவிட்டு, செப்டம்பரில் புதிதாக ஒன்று போட்டால்? ஓராண்டு இந்த ஜூலையிலேயே முடிந்துவிட்டது.

உங்கள் வக்கீல் சொல்லும் ‘லிபர்ட்டி’, அதாவது மறுபடி மனுப் போட நீதிமன்றம் தரும் அனுமதி, பொதுவாக நல்ல யோசனைதான். எந்த மனுவையும் அந்த வாசகம் இல்லாமல் வாபஸ் வாங்கக் கூடாது என்பது எங்கள் தொழிலில் பாலபாடம். லிபர்ட்டி கேட்காமல் ரிட் மனுவைத் திரும்பப் பெற்றவர் அதே விஷயத்துக்காக இன்னொரு ரிட் போட முடியாது என்று சர்குஜா டிரான்ஸ்போர்ட் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிப் பல ஆண்டுகள் ஆகின்றன. அவமதிப்பு மனுவிலும் எதிர்த்தரப்பு அந்தத் தீர்ப்பைத் தூக்கிக்கொண்டு வரும். ஆனால் லிபர்ட்டி என்பது மறுபடி வர அனுமதி, அவ்வளவுதான். கழிந்துபோன காலத்தை அது திருப்பித் தராது. உரிமையியல் நடைமுறைச் சட்டத்தில் ஆணை 23, விதி 2 இதையே சொல்கிறது: அனுமதியோடு திரும்பப் பெற்று மறுபடி வழக்குப் போட்டாலும், முதல் வழக்கே போடாதது போலத்தான் காலவரம்பைக் கணக்கிட வேண்டும். அந்த விதி சாதாரண வழக்குகளுக்கானது. அவமதிப்பு மனுவுக்கு அதைவிடத் தாராளமான கணக்கு கிடைக்கும் என்று நம்பி இறங்க வேண்டாம்.

‘பணம் தராமல் இருப்பது தினமும் தொடரும் தவறுதானே, ஓராண்டுக் கணக்கு எப்படி முடியும்?’ என்று யாராவது உங்களுக்குத் தைரியம் சொல்லலாம். கட்டடத்தைக் காலி செய்து ஒப்படைக்கச் சொன்ன உத்தரவு ஒன்றில் 1989-ல் உச்ச நீதிமன்றம் அந்த வாதத்தை ஏற்றது உண்மை. 2024-ல் எஸ். திருப்பதி ராவ் வழக்கில் அதே வாதத்தை ஏற்கவில்லை. கையில் உயிரோடு ஒரு மனுவை வைத்துக்கொண்டு இந்த வாதத்தை நம்பி அதை விடுவது எனக்குச் சரியாகப் படவில்லை. வழக்குக் கட்டு உங்கள் வக்கீலிடம் இருக்கிறது, நான் கடிதத்தை மட்டும் வைத்துப் பேசுகிறேன். அந்தத் தபால் அத்தாட்சியை எடுத்துப்போய் அவர் முன் வைத்து, இந்தத் தேதிக் கணக்கைக் கேளுங்கள். பார்த்ததும் அவருக்கே புரிந்துவிடும்.

அடுத்தது, ‘கேஸ் நிலுவையில் இருப்பதால் பைல் நகரவில்லை’ என்ற பேச்சு. இது அரசு அலுவலகங்களில் காலங்காலமாகச் சொல்லும் பல்லவி. நீதிமன்றம் ஒரு காரியத்தைச் செய்யாதே என்று தடை விதித்திருந்தால் அதில் நியாயம் இருக்கும். இங்கே நீதிமன்றம் செய் என்று சொல்லியிருக்கிறது. செய்யாததற்காகத்தான் மனுவே நடக்கிறது. மனு நிலுவையில் இருக்கும்போது ஆணை பிறப்பிக்க எந்தத் தடையும் கிடையாது. சொல்லப்போனால் அந்த அதிகாரிக்கு அதைவிட நல்ல எதிர்வாதமே இல்லை. அடுத்த விசாரணையில் ‘உத்தரவை நிறைவேற்றிவிட்டோம், தாமதத்துக்கு வருந்துகிறோம்’ என்று ஒரு பிரமாணப் பத்திரம் போட்டால், பெரும்பாலான நீதிபதிகள் அன்றே மனுவை முடித்துவிடுவார்கள்.

அப்புறம் ஏன் விடாமல் போன் செய்கிறார்கள்? அதிகாரி நேரில் வந்து நிற்க வேண்டியிருக்குமோ என்ற பயம்தான் பெரும்பாலும். அந்தப் பயமும் முன்புபோல இப்போது வேண்டியதில்லை. அரசு அதிகாரிகளை நேரில் அழைப்பதற்கான வழிமுறைகளை 2024 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் வகுத்தது. தேவையில்லாமல் அழைக்கக் கூடாது, அழைத்தாலும் முதலில் காணொலியில் வர வாய்ப்புத் தர வேண்டும் என்பது அதில் ஒன்று.

இன்னொன்றையும் நீங்கள் தெரிந்துகொள்ள வேண்டும். நீங்கள் கையெழுத்துப் போட்ட மாத்திரத்தில் அவமதிப்பு மனு முடிந்துவிடாது. அது உங்களுக்கும் அதிகாரிக்கும் நடுவிலுள்ள வழக்கு அல்ல, நீதிமன்றத்துக்கும் அதிகாரிக்கும் நடுவிலுள்ளது. நடந்ததை நீதிமன்றத்தின் கவனத்துக்குக் கொண்டுவந்தவர் என்பதோடு மனுதாரரின் பங்கு ஏறக்குறைய முடிகிறது. 1996-ல் மகபூப் அலிபாய் வழக்கில் உச்ச நீதிமன்றம் இப்படித்தான் பார்த்தது. நாட்டின் தலைமை அரசு வழக்கறிஞரான அட்டர்னி ஜெனரலுக்கே இந்த அனுபவம் உண்டு. வழக்கறிஞர் பிரசாந்த் பூஷண் மீது தான் போட்ட அவமதிப்பு மனுவைத் திரும்பப் பெற விரும்புவதாக 2019 மார்ச்சில், அப்போது அட்டர்னி ஜெனரலாக இருந்த கே.கே. வேணுகோபால் உச்ச நீதிமன்றத்தில் சொன்னார். அமர்வு அதோடு விட்டுவிடவில்லை. நிலுவையில் உள்ள வழக்கைப் பற்றி வழக்கறிஞர்கள் வெளியே பேசலாமா என்ற பெரிய கேள்வியை ஆராய்வோம் என்றது. உங்களுடையது போன்ற உத்தரவை மீறிய வழக்குகளில் நீதிபதிகள் பொதுவாக வாபஸுக்கு மறுப்புச் சொல்வதில்லை. ஆனாலும் கண்காணிப்பாளர் நினைப்பதுபோல அது உங்கள் ஒரு தாளில் அடங்கிய விஷயம் இல்லை.

மனு வாபஸ் ஆனாலும் உங்கள் மார்ச் மாத உத்தரவு அப்படியே இருக்கும், அது ரத்தாகாது. ஆனால் அதை நிறைவேற்ற வைக்கும் பிடி போய்விடும். போன பிடியை அப்பீலில் மீட்பதும் கஷ்டம். அவமதிப்புச் சட்டத்தின் 19-வது பிரிவின்படி அப்பீல், தண்டனை கொடுத்த உத்தரவுக்கு எதிராகத்தான். தண்டிக்காமல் முடித்துவைத்த மனுவுக்கு அந்த வழி இல்லை என்று 2006-ல் மிட்னாபூர் கூட்டுறவு வங்கி வழக்கில் உச்ச நீதிமன்றம் விளக்கமாகச் சொல்லியிருக்கிறது. பொய் சொல்லி வாபஸ் வாங்க வைத்தார்கள் என்று மனுவை மறுபடி திறக்கக் கேட்கலாம்தான். அதற்கு ஆதாரமாக ஒரு போன் பேச்சை மட்டும் வைத்துக்கொண்டு என்ன செய்வீர்கள்?

சரி, அப்படியானால் செய்ய வேண்டியது என்ன?

அவர்கள் இரண்டு வாரம்தானே கேட்கிறார்கள்? கொடுங்கள். வாபஸாக வேண்டாம், வாய்தாவாகக் கொடுங்கள். ‘நிறைவேற்ற அவகாசம் கேட்கிறார்கள், எங்களுக்கு ஆட்சேபணை இல்லை’ என்று உங்கள் வக்கீல் சொன்னால் நீதிமன்றம் தேதி போட்டுத் தரும். அந்தத் தேதியில் ஆணையும் பணமும் வந்திருந்தால் மனுவை முடித்துக்கொள்ளலாம். உண்மையாகவே செய்யப் போகிறவர்களுக்கு இதில் ஒரு நஷ்டமும் இல்லை. இதற்கும் ஒப்புக்கொள்ளாமல் ‘வாபஸ்தான் வேண்டும்’ என்று நின்றால், அந்த இரண்டு வாரக் கணக்கை நான் நம்பமாட்டேன்.

ஏதோ ஒரு காரணத்தால் இப்போதே மனுவை முடிக்க வேண்டும் என்று நிலைமை வந்தால், அதற்கும் பாதுகாப்பான வழி இருக்கிறது. சம்பந்தப்பட்ட அதிகாரி, இன்ன தேதிக்குள் சிறப்பு நிலை வழங்கி இவ்வளவு தொகையைத் தருவேன் என்று நீதிமன்றத்துக்கு உறுதிமொழிப் பிரமாணப் பத்திரம் போட வேண்டும். நீதிமன்றம் அதை உறுதிமொழியாகப் பதிவு செய்து மனுவை முடிக்க வேண்டும். அவமதிப்புச் சட்டத்தின் 2(பி) பிரிவில் அவமதிப்பு என்பது உத்தரவை வேண்டுமென்றே மீறுவது மட்டும் அல்ல. நீதிமன்றத்துக்குக் கொடுத்த உறுதிமொழியை வேண்டுமென்றே மீறுவதும் அவமதிப்புதான். எனவே அந்தத் தேதி தவறினால் அது புதிய அவமதிப்பு, அதற்கு அன்றிலிருந்து புதிய ஓராண்டு. உங்கள் காலவரம்புச் சிக்கலுக்கு இதுதான் மருந்து. கூடவே, ‘தவறினால் இந்த மனுவையே மீண்டும் திறக்க உரிமை உண்டு’ என்ற வரியையும் உத்தரவில் கேட்டு வாங்கச் சொல்லுங்கள். புது மனு போட லிபர்ட்டி வாங்குவதைவிட உங்கள் நிலைமைக்கு இந்த வரி பொருத்தம்.

உறுதிமொழி என்ற சொல் உத்தரவில் இருக்கிறதா என்று பார்ப்பது முக்கியம். ‘இரண்டு வாரத்தில் கொடுத்துவிடுவோம் என்று அரசு வழக்கறிஞர் கூறினார்’ என்ற வாக்கியத்தோடு மனு முடிந்துபோனால், பின்னால் ‘அது தகவல், உறுதிமொழி இல்லை’ என்று வாதாட இடம் கிடைத்துவிடும். இரு தரப்பும் ஒப்புக்கொண்டு வாங்கிய சமரச உத்தரவை மீறியதில், வெளிப்படையான உறுதிமொழி இல்லாததால் அவமதிப்பு ஆகாது என்று பாபு ராம் குப்தா வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. 2006-ல் ரமா நாரங் வழக்கில் அதே நீதிமன்றம் அப்படிப்பட்ட சம்மத உத்தரவை மீறுவதும் அவமதிப்புதான் என்ற பக்கம் நின்றது. இந்தச் சண்டைக்கே இடம் வைக்காமல் எழுதி வாங்கிவிடுவது நல்லது.

இனி, எது நிறைவேற்றம் என்று பார்ப்போம். உங்களுக்கு ஒரு பெரிய சாதகம் இருக்கிறது. உங்கள் உத்தரவு ‘வழங்க வேண்டும்’ என்கிறது. நிறைய பேருக்குக் கிடைப்பது ‘மனுவைப் பரிசீலித்துச் சட்டப்படி ஆணை பிறப்பிக்க வேண்டும்’ என்ற உத்தரவு. வாங்கியவர் ஜெயித்துவிட்டதாக இனிப்புக் கொடுத்துக்கொண்டிருப்பார், துறை பரிசீலித்து நிராகரித்து ஒரு பக்கத்தில் ஆணை போட்டு அனுப்பும். அத்தோடு அவமதிப்பு மனு காலி. அந்த ஆணை தவறாக இருந்தாலும் அது புதிய வழக்குக்கான காரணம், அவமதிப்பில் அதைக் கேட்க முடியாது என்று 1996-ல் ஜே.எஸ். பரிஹார் வழக்கில் சொல்லப்பட்டது. உங்கள் உத்தரவின் நகலை எடுத்து அந்த ஒரு வரியை மட்டும் இன்னொரு முறை படித்துப் பாருங்கள். ‘வழங்க’ என்றுதான் இருக்கிறதா, அல்லது ‘வழங்குவது குறித்துப் பரிசீலிக்க’ என்று இருக்கிறதா? இரண்டாவதாக இருந்தால் நான் மேலே சொன்னதில் பாதி மாறும், மறுபடி எழுதுங்கள்.

பரிஹார் தீர்ப்பு உங்களுக்கும் ஒரு இடத்தில் உரசும். ஆணை போட்டு, ஆனால் சிறப்பு நிலைக்கான தேதியை ஓரிரு ஆண்டு தள்ளி வைத்துவிட்டால் நிலுவைத் தொகை வெகுவாகக் குறைந்துவிடும். கணக்குத் தகராறுக்குள் அவமதிப்பு நீதிமன்றம் இறங்கத் தயங்கும். ஆகவே ‘முழுத் திருப்தி’ என்று பதிவு செய்வதற்கு முன் ஊதிய நிர்ணய ஆணையையும் கணக்குத் தாளையும் கையில் வாங்கி, வருட வாரியாகச் சரிபாருங்கள். நீங்கள் அலுவலகத்தில் இருந்தவர், உங்களுக்கு இது என்னைவிட நன்றாக வரும். பணம் வந்து கணக்கில் மட்டும் சந்தேகம் என்றால், ‘உரிமைக்குப் பாதகமின்றிப் பெற்றுக்கொள்கிறேன்’ என்று எழுதியே வாங்குங்கள். மனுவை முடிக்கும்போதும், கணக்கைத் தனியாகக் கேள்வி கேட்கும் உரிமையைக் கேட்டுப் பதிவு செய்யுங்கள். சிறப்பு நிலையால் கடைசிச் சம்பளம் மாறினால் ஓய்வூதியமும் மாற வேண்டும். திருத்திய முன்மொழிவு மாநிலக் கணக்காயர் அலுவலகத்துக்குப் போயாக வேண்டும். ‘அனுப்பிவிட்டோம்’ என்றால் அனுப்பிய கடிதத்தின் எண்ணும் தேதியும் கேளுங்கள். நிலுவை மொத்தமாக வரும் ஆண்டில் வருமான வரி கூடுதலாகப் பிடிபடலாம், அதற்கு நிவாரணம் கோர வழி இருக்கிறது. ஒரு ஆடிட்டரைப் பார்த்துவிடுங்கள்.

நீங்கள் கேட்காத ஒன்று: துறை உங்கள் உத்தரவை எதிர்த்து ரிட் அப்பீல் போட்டிருக்கிறதா என்று வக்கீலைப் பார்க்கச் சொல்லுங்கள். இங்கே வாபஸ் வாங்கச் சொல்லிக்கொண்டே அங்கே அப்பீலுக்கு நீதிமன்றத்தில் எண் வாங்கப் பாடுபடும் துறைகளும் உண்டு. அப்பீல் போட்டதாலேயே உத்தரவு நின்றுவிடாது, தடை வாங்கினால்தான் நிற்கும். ஆனால் தடை மனு நிலுவையில் இருந்தால் அதை முதலில் கேட்டுவிட்டுத்தான் அவமதிப்புக்கு வர வேண்டும் என்று 1995-ல் மாடர்ன் ஃபுட் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருப்பதால், அந்தத் தகவல் உங்களுக்கு முன்கூட்டியே தெரிந்திருக்க வேண்டும்.

அந்த அதிகாரியைப் பற்றி. உங்கள் மனது புரிகிறது. அவமதிப்புச் சட்டத்தில் அதிகபட்சத் தண்டனை ஆறு மாத வெறுங்காவல் (கடின உழைப்பு இல்லாத சிறை), அல்லது 2,000 ரூபாய் அபராதம், அல்லது இரண்டும். அதிலும் உத்தரவை மீறிய வகை அவமதிப்பில் அபராதம்தான் வழக்கம், அது போதாது என்று நீதிமன்றம் கருதினால்தான் காவல். மீறல் ‘வேண்டுமென்றே’ செய்ததாகவும் இருக்க வேண்டும். நிதித் துறை ஒப்புதலுக்காகப் பைல் சுற்றிக்கொண்டிருந்தது என்று ஆவணத்தோடு காட்டினால் நீதிமன்றம் அதைக் கேட்கும். மனப்பூர்வமாக மன்னிப்புக் கேட்டால் விடுவிக்கவும் வழி இருக்கிறது. உங்கள் உத்தரவை நிறைவேற்றிவிட்ட அதிகாரி ஜெயிலுக்குப் போகும் வாய்ப்பு மிகமிகக் குறைவு. அவரைக் காப்பாற்றும் சாவி அவர் கையில்தான் இருக்கிறது, உங்கள் வாபஸில் இல்லை. இதற்கிடையில் அவர் மாறுதலாகிப் போனால், புதிதாக வந்தவரையும் மனுவில் சேர்க்க வக்கீலிடம் சொல்லுங்கள். இந்த மனுக்கள் பதவியின் மீது இல்லாமல் பெயரின் மீது நடப்பவை என்பதால் இதில் தாமதம் கூடாது.

பென்ஷன் பற்றி வீட்டில் பயப்பட வேண்டாம். தமிழ்நாடு ஓய்வூதிய விதிகள், 1978-ல் 9-வது விதிப்படி ஓய்வூதியத்தில் கை வைக்க, பணியில் இருந்தபோது கடுமையான தவறு செய்ததாக உரிய நடவடிக்கையில் நிரூபணம் ஆக வேண்டும். நீதிமன்ற உத்தரவை நிறைவேற்றச் சொல்லி மனு போட்டது தவறு ஆகாது. அப்படி யாராவது போனில் மிரட்டினால், தேதியோடு குறித்துவைத்து வக்கீலிடம் சொல்லுங்கள். அது அந்த அதிகாரிக்குத்தான் வினையாகும்.

எல்லாம் சரியாக முடிந்து மனுவை மூடும் நாளில் நீங்கள் மதுரைக்கு வர வேண்டியதில்லை. வக்கீல் மனுவில் எண்டார்ஸ்மெண்ட், அதாவது கையெழுத்திட்ட குறிப்பு, எழுதிக் கொடுத்தால் போதும். ஆனால் அதில் எழுதப்போகும் வாசகத்தை முன்கூட்டியே வாங்கிப் படியுங்கள். ‘உத்தரவின்படி சிறப்பு நிலை வழங்கப்பட்டு, இன்ன தேதியில் இவ்வளவு ரூபாய் வரவு வைக்கப்பட்டது. அதைப் பதிவு செய்து மனுவை முடித்துவைக்கலாம்’ என்று இருக்கட்டும். வெறுமனே ‘வாபஸ் வாங்கியதால் தள்ளுபடி’ என்று மட்டும் வர வேண்டாம். உத்தரவின் சான்றிட்ட நகலை வாங்கி ஓய்வூதியக் காகிதங்களோடு வைத்துக்கொள்ளுங்கள்.

கண்காணிப்பாளர் அடுத்த முறை அழைத்தால் கோபப்பட வேண்டாம். “ஆணை நகலையும் கணக்குத் தாளையும் என் வக்கீலுக்கு அனுப்புங்க சார், பணம் ஏறினதும் மனுவை முடிச்சுத் தரச் சொல்றேன்” என்று மட்டும் சொல்லுங்கள். போனை வைத்ததும் அதையே அவருக்கு வாட்ஸ்அப்பிலும் எழுதி அனுப்பிவிடுங்கள்.